பட்டுப் புடவையும் ரப்பர் பூட்ஸும்

போன வாரம் நாம் விக்னேஸ்வரியைப் பார்த்தபோது, அவள் ரிங்லெட் மலையூரின் பேருந்து நிறுத்தத்தில் கைபேசியை வெறித்துப் பார்த்தபடி நின்றுகொண்டிருந்தாள். "அப்படின்னா நீங்களே நேர்ல வந்து பாத்துட்டு முடிவு பண்ணுங்க" என்று வீராப்பாகச் சொல்லிவிட்டு, ஏன்தான் சொன்னோமோ என்று உதட்டைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

எதிர்முனையில் பேசியவர் மர்ஜானா. ஈப்போவில் பிறந்து வளர்ந்த தமிழ் முஸ்லிம் பெண்மணி. இப்போது கோலாலம்பூரில் ஒரு தொலைக்காட்சியின் நிகழ்ச்சித் தலைவர். தேயிலைத் தோட்டத்துத் தமிழர்களைப் பற்றி மூன்று பகுதிகளாக விக்னேஸ்வரி எடுக்க நினைக்கும் ஆவணப்படத்துக்குச் 'சரி' சொல்ல வேண்டியவர் அவர்தான்.

"எனக்குக் கலர் வேணும் விக்கி," என்று அவர் கேட்டிருந்தார். "பச்சை மலை. நடுவுல சிவப்பும் மஞ்சளுமா சேலை. முதுகுல கூடை. நெத்தியில பெரிய பொட்டு. ஜனங்க நிறுத்திப் பாக்கணும்."

"இப்ப யாரும் அப்படிப் போறதில்ல மேடம். முழுக்கை சட்டை, தொப்பி, ரப்பர் பூட்ஸ். எங்கம்மா எங்க தம்பியோட பழைய ஃபுட்பால் ஜெர்சியப் போட்டுக்கிட்டுத்தான் கொழுந்து வெட்டப் போறாங்க."

"அதை யாரு உக்காந்து பாப்பா?"

அந்தக் கேள்விக்குத்தான் அப்படி ஒரு பதில். இதோ, மர்ஜானா வருகிற நாளும் வந்துவிட்டது.

விக்னேஸ்வரிக்குப் பதினைந்து வருடமாக இதுதான் தொழில். பிரிஞ்சாங் இரவுச் சந்தையில் சோளம் சுட்டு விற்கும் குடும்பத்தைப் படம் எடுத்திருக்கிறாள். கோலா தெர்லாவிலிருந்து காய்கறி ஏற்றிக்கொண்டு இறங்கும் லோரி ஓட்டுநர்களோடு ஒரு மழைக்காலம் முழுக்கப் பயணம் செய்திருக்கிறாள். யார் வீட்டுச் சமையலறையிலும் கேமராவோடு போய் உட்கார்ந்துவிடுவாள். அங்கே ஒரு குவளையைக்கூட இடம் மாற்றி வைக்க மாட்டாள். 'இருப்பது இருந்தபடி' என்பது அவள் கொள்கை.

ரிங்லெட்டுக்கு மேலே, புக்கிட் மாவார் தோட்டத்தில், தான் பிறந்த தொழிலாளர் லைன் வீட்டுச் சமையலறைக்குள் மட்டும் அவள் கேமராவோடு போனதில்லை. இந்தப் படத்துக்குத்தான் முதன்முறையாகப் போகிறாள். இது கிடைக்காவிட்டால், தான் குடியிருக்கும் கோலாலம்பூரில் அடுத்த வருடம் முழுக்க ஏதாவது கம்பெனிகளின் ஆண்டு விழாவைப் படம் எடுத்துத்தான் காலம் தள்ள வேண்டும்.

அதனால்தான் முந்தின நாளே அம்மாவிடம் தெளிவாகச் சொல்லியிருந்தாள். "அம்மா, நாளைக்கு எப்பவும் போல வாங்க. அது போதும்."

"ம்," என்றாள் ருக்குமணி.

அந்த 'ம்'மை விக்னேஸ்வரி கவனித்திருக்க வேண்டும்.

காலையில் பெரட்டுக் களத்தில் பனி இன்னும் விலகவில்லை. வேலைக்குப் போகுமுன் எல்லோரும் கூடிப் பெயர் கொடுக்கும் இடம் அது. வங்காளதேசத்துப் பையன்கள் முன்னதாகவே வந்து கைகளைத் தேய்த்துக்கொண்டு நின்றார்கள். ஒளிப்பதிவாளன் இர்வான் கேமராவை முக்காலியில் பொருத்திக்கொண்டிருந்தான். ரிங்லெட்டில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கும் மைதீனின் மகன் அவன். விக்னேஸ்வரியோடு ஏழெட்டு வருடமாக ஊர் ஊராகச் சுற்றுகிறவன்.

"அக்கா," என்றான் திடீரென்று. "அங்க பாருங்க."

லைன் வீடுகளிலிருந்து இறங்கும் படிக்கட்டில் வெள்ளைப் பனிக்குள் ஏதோ வண்ணம் அசைந்தது. முதலில் மயில் கழுத்துப் பச்சை. பிறகு அரக்கு. அதற்குப் பின்னால் வாடாமல்லி, எலுமிச்சை மஞ்சள், வெங்காயச் சருகு.

ருக்குமணியும் அவளுடைய வெட்டுக் கூட்டத்துப் பெண்களும் பட்டுப் புடவையில் இறங்கி வந்துகொண்டிருந்தார்கள்.

சும்மா பட்டு இல்லை. கல்யாணத்துக்குக் கட்டுகிற பட்டு. கழுத்து நிறைய நகை. முகத்தில் பவுடர். ஒவ்வொருத்தி கொண்டையிலும் கைப்பிடி அகலத்துக்கு ஒரு செவ்வந்திப் பூ. முழங்காலுக்குச் சற்றுக் கீழே புடவை தூக்கிச் செருகப்பட்டிருந்தது. அதற்குக் கீழே எல்லோரும் ரப்பர் பூட்ஸ் போட்டிருந்தார்கள்.

"அம்மா… என்னம்மா இது?"

"என்னாது?"

"சேல!"

"ஆமா, சேல. உன் தம்பி ஜெகதீஸ்வரன் கல்யாணத்துக்கு எடுத்தது. ஜோகூருக்குக் கட்டிட்டுப் போனேனே, மறந்துட்டியா?"

"எப்பவும் போல வாங்கன்னுதானே சொன்னேன்?"

"எப்பவுமா டிவிக்காரங்க வர்றாங்க? இன்னிக்கித்தானே வர்றாங்க."

பக்கத்தில் நின்ற அன்பரசி கொசுவத்தை நீவிக்கொண்டாள். ருக்குமணியின் பக்கத்து வீட்டுக்காரி, வேலையிலும் ஜோடி. "விக்கி, இந்தக் கொசுவம் நிக்கிறதுக்கு நான் விடியறதுக்கு முன்னாடியே எந்திரிச்சேன் லா. எப்படி இருக்கு சொல்லு."

"நல்லாத்தான் இருக்கு அன்பரசிக்கா. ஆனா… அம்மா, கொஞ்சம் கேளுங்க. அந்த மேடம் சேலை கட்டுங்க, பொட்டு வைங்கன்னு கேட்டாங்க. நான் முடியாதுன்னு சண்ட போட்டேன். இப்ப வந்து இதப் பாத்தா, நான்தான் கட்டச் சொன்னேன்னு நெனைப்பாங்க. என் படமே பொய்யாயிடும்."

"எது பொய்?" ருக்குமணி நிமிர்ந்தாள். "நகை வேணா கவரிங்கு. சேல ஒரிஜினல்."

பின்னால் ஒரே சிரிப்பு. விக்னேஸ்வரிக்குச் சிரிப்பு வரவில்லை.

"தெனமும் நீங்க பட்டு கட்டறதில்லையே!"

"தெனமும் நீ என்னைப் படம் எடுக்கறதும் இல்லையே!"

"அம்மா, நான் எடுக்கறது உங்க வாழ்க்கைய."

"என் வாழ்க்கையில சேல கெடையாதா? அந்த ஜெர்சிதான் என் வாழ்க்கையா? சம்மந்தி வீட்டுல டிவி போட்டுப் பாப்பாங்க. அதுல நான் பத்தாம் நம்பர் போட்டுக்கிட்டு நிக்கணும், அதானே உனக்கு?"

"போய் மாத்திட்டு வாங்கம்மா. நேரம் இருக்கு."

"மாத்த மாட்டேன்."

"அப்ப நான் எடுக்கல!"

தன் குரல் அவ்வளவு உயரும் என்று விக்னேஸ்வரிக்கே தெரியாது. ஒரு வங்காளதேசத்துப் பையன் வாய்க்குக் கொண்டுபோன ரொட்டியை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றான்.

"எடுக்காத," என்றாள் ருக்குமணி நிதானமாக. "எங்களுக்கு வேல இருக்கு. வாங்கடி."

கங்காணி லோகேஸ்வரன் குறுக்கே வந்தார். "ருக்குக்கா, இப்படியேவா மலைக்குப் போறீங்க? துரை பாத்தா என்னைக் கேப்பாரு."

"பூட்ஸ் இருக்கா? இருக்கு. கத்திரி இருக்கா? இருக்கு. கொழுந்துக்குத் தெரியுமா நான் என்ன கட்டியிருக்கேன்னு?"

பட்டுப் புடவைகள் வரிசையாக மலை ஏறிப் பனிக்குள் மறைந்தன.

விக்னேஸ்வரி கல் மேல் பொத்தென்று உட்கார்ந்தாள். "கேமராவ ஆஃப் பண்ணு இர்வான்."

இர்வான் தயங்கினான். "ஆஃப் பண்றேன் அக்கா, ஆனா அவங்க படியில எறங்குறப்பவே ஆன் பண்ணிட்டேன்."

"சண்டைய எடுத்தியா?"

"முழுசா."

"நானும் அதுல இருக்கேனா?"

"நடுவுல நிக்கிறீங்க. வெரல நீட்டிக்கிட்டு."

அவளுக்கு முகம் சூடேறியது. பதினைந்து வருடத்தில் அவள் எடுத்த எந்தப் படத்திலும் அவளுடைய நிழல்கூட விழுந்ததில்லை.

இர்வான் லென்ஸில் படிந்த பனியைத் துடைத்தான். பிரிஞ்சாங் சந்தையில் சோளம் விற்ற அந்த அம்மாள் விக்னேஸ்வரியின் நினைவுக்கு வந்தாள். கேமரா வருகிறது என்று உதட்டுச் சாயம் பூசிக்கொண்டு, பல்லிலும் கொஞ்சம் ஒட்டிக்கொண்டு வந்து நின்றாள். விக்னேஸ்வரிக்கு அந்தக் காட்சி அவ்வளவு பிடித்திருந்தது. ஒரு வார்த்தை சொல்லாமல் எடுத்தாள். அந்த அம்மாளுக்கு இருந்த ஆசை இந்த அம்மாவுக்கு இருக்கக்கூடாதா?

ஊரார் வீட்டில் மனிதர்களைப் பார்த்தவள், தன் அம்மாவை மட்டும் மர்ஜானாவிடம் காட்டப்போகிற ஆதாரமாக நினைத்துவிட்டிருந்தாள். ஜெர்சி போட்ட ஆதாரம்.

"இர்வான், பேட்டரி இருக்கா?"

"நெறைய இருக்கு."

"வா, ஓடு."

இருவரும் மூச்சு வாங்க மேட்டை ஏறினார்கள். மேலே வெயில் வந்துவிட்டிருந்தது. தேயிலைச் செடிகளுக்கு நடுவே பெண்கள் வரிசை பிடித்து நின்று, தட்டு வைத்த கத்திரியால் சரக் சரக்கென்று வெட்டிக்கொண்டிருந்தார்கள். தட்டு நிறைந்ததும் முதுகுக்குப் பின்னால் தொங்கும் வலைப் பையில் கொட்டினார்கள். கை வேகத்தில் கவரிங் வளையல்கள் கிலுகிலுத்தன.

விக்னேஸ்வரி அம்மாவின் வரிசைக்கு எதிரே போய் நின்றாள்.

"அம்மா… எடுக்கவா?"

ருக்குமணி நிமிரவில்லை. இரண்டு வெட்டு வெட்டினாள். கொழுந்தைப் பைக்குள் கொட்டினாள். பிறகு தலையை லேசாகத் திருப்பினாள்.

"பூ நேரா இருக்கா?"

"கொஞ்சம் எடது பக்கம் சாஞ்சிருக்கு."

"வந்து சரி பண்ணிட்டு எடு."

ஒரு குவளையைக்கூட நகர்த்தாத விக்னேஸ்வரி, செடிகளுக்கு நடுவே புகுந்து போய், அம்மாவின் கொண்டையில் செவ்வந்தியை நேராக்கினாள்.

அதே நேரத்தில் கீழே ரிங்லெட்டில், மர்ஜானா ஓட்டி வந்த சின்னக் காடி மைதீன் கடை வாசலில் நின்றது. தோட்டத்துச் சாலையில் அது ஏறாது. அதனால் அவரை அழைத்துவரப் பொறுப்பு எடுத்துக்கொண்டவர் விக்னேஸ்வரியின் அப்பா நாகப்பன்.

நாகப்பன் தோட்டத்தில் லோரி ஓட்டி ஓய்வு பெற்றவர். இப்போது பழைய லேண்ட்ரோவர் ஒன்றில் கோலா தெர்லா பண்ணைகளிலிருந்து பூவும் கோசும் ஏற்றி இறக்குகிறார். இன்று பெண்கள் தலையில் இருக்கும் செவ்வந்திகூட அந்த வண்டியில் வந்ததுதான். மகளுடைய தொழிலைப் பற்றி அவர் வீட்டில் சொன்னது ஒரே ஒரு தடவை. "கல்யாண வீட்டுலயாவது எடுத்தா சோறு போடுவாங்க." அதற்குப் பிறகு அந்தப் பேச்சையே அவர் எடுத்ததில்லை. அப்பா தன் படம் எதையும் பார்த்ததில்லை என்பது விக்னேஸ்வரிக்கு உள்ளே கிடக்கும் சின்ன வலி.

"மேடம் பசியாறியாச்சா?" என்று கேட்டார் நாகப்பன்.

"உங்க மைதீன் நானா விட்டாத்தானே! மூணு ரொட்டி சானாய். நாலாவது இதோ பொட்டலமா கையில இருக்கு."

லேண்ட்ரோவர் உறுமிக்கொண்டு ஏறியது. மர்ஜானா கைப்பிடியைப் பிடித்துக்கொண்டார். "அப்ப நீங்கதான் விக்கியோட அப்பா. உங்க மக ரொம்பப் பிடிவாதம்."

"அது அவ அம்மா பக்கம்."

கொஞ்ச தூரம் போனதும் நாகப்பனே ஆரம்பித்தார். "பாப்பாவோட லோரிப் படம் பாத்திருக்கீங்களா மேடம்?"

"வேலைக்கு நடுவுல வேகமா ஓட்டிப் பாத்தேன்."

"அலாமாக்! அத ஓட்டிப் பாக்கக் கூடாது. அதுல ஒருத்தன் ரோட்டோரமா லோரிய நிறுத்திட்டு பொண்டாட்டிக்குப் போன் போடுவான். அவ போன எடுத்து 'ம்'னு சொல்லிட்டு அப்படியே தூங்கிருவா. இவன் கட் பண்ண மாட்டான். அவ மூச்சு விடறதக் கேட்டுக்கிட்டே நிப்பான். சுத்தி பனி. அந்த எடம் வந்தா மைதீன் நானா அழுதுருவாரு."

"நீங்க?"

"எனக்கென்ன. நான் மூக்குக்கண்ணாடியத் தொடைப்பேன்."

மர்ஜானா அவரைத் திரும்பிப் பார்த்தார். கிழவரின் பார்வை சாலையை விட்டு அகலவில்லை. சோளக் குடும்பத்துப் படத்தை ஒரு வளைவில் சொன்னார். அடுத்த வளைவில், பழைய பேருந்து நடத்துநர் ஒருவரைப் பற்றிய படம். யார் எங்கே சிரித்தார்கள், எந்த இடத்தில் மழை பெய்தது என்பதெல்லாம் அவருக்கு மனப்பாடமாக இருந்தது.

"லோரிப் படத்துக்கு ஜெர்மன்ல மொதப் பரிசு," என்று முடித்தார். "ஆனா மேடம், நான் பாத்தேன்னு பாப்பாகிட்ட சொல்லிடாதீங்க."

"ஏன் அங்கிள்?"

நாகப்பன் கியரை மாற்றினார். "பாத்தேன்னு சொன்னா, எப்படி இருந்துச்சுப்பான்னு கேக்கும். எனக்கு அதெல்லாம் சொல்லத் தெரியாது."

வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்த மனிதர், சொல்லத் தெரியாது என்கிறாரே என்று மர்ஜானா நினைத்துக்கொண்டார்.

மலை மேல் இறங்கியதும் மர்ஜானா அப்படியே நின்றுவிட்டார். பச்சைச் சரிவு. நடுவில் அத்தனை பட்டும் வெயிலில் மின்னியது.

"விக்கி! நான் கேட்டதுக்கு மேலயே பண்ணிட்டீங்க!"

"நான் பண்ணல மேடம்." விக்னேஸ்வரிக்கு வியர்வை வழிந்தது. "அவங்களாவே கட்டிட்டு வந்தாங்க. நான் மாத்தச் சொல்லிக் கத்துனேன். கேக்கல."

மர்ஜானா புன்னகைத்தார். நம்பவில்லை என்பது அந்தப் புன்னகையில் தெரிந்தது. "யார் பண்ணா என்ன, அருமையா இருக்கு. அந்த பூட்ஸ மட்டும் கழட்டிட்டா…"

"பூட்ஸக் கழட்ட மாட்டோம்," என்றது ருக்குமணியின் குரல். கத்திரி நிற்கவில்லை. "அட்ட ஏறிரும். போன மாசம் இந்த வரிசையில பாம்பு வேற."

"ஒரே ஒரு நிமிஷம் ஆன்ட்டி."

"பாம்புக்கு அது தெரியாது மேடம்."

"சரி, கூடையாவது இருக்கா? முதுகுல மாட்டுற கூடை?"

அன்பரசி உற்சாகமானாள். "இருக்கே! பிரிஞ்சாங்ல சுற்றுப்பயணிங்களுக்கு விக்கிற கடையில தொங்குது. சின்னது, பெருசு எல்லாம் இருக்கு. வாங்கிட்டு வரச் சொல்லவா?"

மலை முழுக்கச் சிரிப்பு எழுந்தது. மர்ஜானாவுக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

"சும்மா நிக்காதீங்க," என்று ருக்குமணி தன் கத்திரியை நீட்டினாள். "இவ்ளோ தூரம் வந்துட்டீங்க. ஒரு கை வெட்டிப் பாருங்க."

மர்ஜானா வாங்கிக்கொண்டார். வெட்டினார். கொழுந்தில் பாதி தட்டில் விழுந்தது. மீதி அவர் காலிலிருந்த விலை உயர்ந்த சப்பாத்துக்குள் போனது. மறுபடி வெட்டினார். இந்த முறை செடி மேலே குழி விழுந்தது.

"அக்கா, லோகேஸ்வரன் பாக்கறதுக்குள்ள புடுங்குங்க அத!" என்று ஒருத்தி கத்தினாள். அடுத்த சரிவிலிருந்த வங்காளதேசத்துப் பையன்கள் கைதட்டி, கைபேசியில் படம் பிடித்தார்கள். இர்வான் கேமராவோடு செடிகளுக்கு நடுவே நடனமாடிக்கொண்டிருந்தான்.

மழை சொல்லிக்கொண்டா வருகிறது? மேற்கு முகடு வெளுத்தது. அடுத்த மூச்சில் கொட்டத் தொடங்கியது.

"கொட்டகைக்கு ஓடுங்கடி! சேல! சேல!"

கொழுந்து நிறுக்கும் கொட்டகை சரிவின் அடியில் இருந்தது. பட்டை முழங்காலுக்கு மேலே வாரிச் சுருட்டிக்கொண்டு, காலிப் பைகளைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு, பெண்கள் பள்ளிப் பிள்ளைகளைப் போல் ஓடினார்கள். அன்பரசி வழுக்கி, வாடாமல்லிப் பட்டோடு சேற்றில் உட்கார்ந்தாள். எழுந்திருக்க முடியாமல் சிரித்தாள். தூக்கப் போன மர்ஜானாவும் பக்கத்திலேயே உட்கார்ந்தார்.

கொட்டகைக்குள் வந்ததும் சாப்பாட்டு டப்பாக்கள் திறந்தன. நாசி லெமாக், நெத்திலி சம்பல், ஆறிப்போன தோசை. நாகப்பன் லேண்ட்ரோவரிலிருந்து பெரிய பிளாஸ்க்கைத் தூக்கி வந்து எல்லோருக்கும் தேநீர் ஊற்றினார். தகரக் கூரையில் மழை அடித்தது. ஒருவருக்கொருவர் கத்தித்தான் பேச வேண்டியிருந்தது.

"காலையில எடுத்தத மேடத்துக்குப் போட்டுக் காட்டு," என்றாள் விக்னேஸ்வரி.

இர்வான் அவளை ஏற இறங்கப் பார்த்தான். "முழுசாவா?"

"முழுசா."

சின்னத் திரையைச் சுற்றி எல்லோரும் குவிந்தார்கள். பனிக்குள்ளிருந்து பட்டு இறங்கி வந்தது. 'எது பொய்?' என்றாள் திரையில் ருக்குமணி. 'அப்ப நான் எடுக்கல!' என்று விரலை நீட்டிக் கத்தினாள் திரையில் விக்னேஸ்வரி.

"ஐயோ, கத்துறப்ப அப்படியே ருக்கு மாதிரியே இருக்கா லா," என்றாள் அன்பரசி.

"நான் எங்க கத்துனேன்? நான் பேசுனேன்," என்றாள் ருக்குமணி.

மர்ஜானா திரைக்கு இன்னும் நெருங்கி உட்கார்ந்தார். முடிந்ததும் மறுபடி போடச் சொன்னார். இரண்டாம் முறை பார்க்கும்போது அவர் கையில் இருந்த தேநீர் ஆறிவிட்டது.

"நீங்க சொன்னது நெசந்தான் விக்கி. மன்னிச்சிருங்க." திரையை விரலால் தட்டினார். "இதுதான் படம். மூணு பகுதியும் எடுங்க. நான் பாத்துக்கறேன்."

கொட்டகையில் எழுந்த கூச்சலில் மழைச் சத்தம் கேட்கவில்லை. ருக்குமணி மகளின் கன்னத்தைச் சம்பல் கையோடு வழித்து முத்தமிட்டாள்.

"ஒரே ஒரு நிபந்தனை," என்றார் மர்ஜானா.

"கூடையா மேடம்?"

"நீங்க. நீங்களும் படத்துக்குள்ள வரணும்."

விக்னேஸ்வரியின் சிரிப்பு நின்றது. "நான் எடுக்கறவ மேடம். எனக்கு அந்தப் பக்கந்தான் தெரியும்."

"இந்தச் சண்டையில நீங்க இல்லன்னா உங்கம்மா யாரோட பேசறாங்க? காத்தோடயா?" மர்ஜானா நாகப்பன் பக்கம் கையைக் காட்டினார். "அப்புறம், ஒரு ரகசியத்தையும் ஒடச்சிர்றேன். உங்க லோரிப் படத்த நான் சரியாப் பாக்கல. இன்னிக்கி உங்கப்பா சொல்லித்தான் முழுசாத் தெரிஞ்சுது. ஜெர்மன்ல மொதப் பரிசு வாங்குனது வரைக்கும் சொன்னாரு."

"மொதப் பரிசு இல்ல மேடம். போட்டிக்கு எடுத்துக்கிட்டாங்க, அவ்ளோதான்…" என்று தொடங்கியவள் நிறுத்தினாள். திரும்பினாள். "அப்பா, நீங்க பாத்தீங்களா?"

நாகப்பன் யாருக்கோ தேநீர் ஊற்றிக்கொண்டிருந்தார். "மைதீன் நானா கடையில டிவி ஓடும். கண்ணுல படும்."

"அங்கிள், எல்லாப் படமும் வரிசையாச் சொன்னீங்களே!" என்றார் மர்ஜானா ஈவிரக்கமில்லாமல்.

விக்னேஸ்வரி அப்பாவின் முன்னால் வந்து நின்றாள். வேறு எந்தக் கேள்வியும் அவளுக்கு வாயில் வரவில்லை.

"எப்படி இருந்துச்சுப்பா?"

எதற்குப் பயந்தாரோ அதுவே வந்து நின்றது. குவளை நிரம்பி தேநீர் வழிந்தது. நாகப்பன் பிளாஸ்க்கை நிமிர்த்தினார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வேட்டியா சட்டையா என்று தேடி, சட்டை நுனியில் துடைத்தார்.

"நல்லா… அந்த லோரி நல்லா ஓடுச்சு பாப்பா."

கொட்டகையே வெடித்துச் சிரித்தது. விக்னேஸ்வரியும் சிரித்தாள். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தாள். எந்த ஊரிலும் எந்த மேடையிலும் இதைவிட நல்ல விமர்சனம் அவளுக்குக் கிடைத்ததில்லை.

"அழுதது போதும்," என்று ருக்குமணி எழுந்தாள். "அவ படத்துல வருவா மேடம். அதுக்கு நான் பொறுப்பு. ஊரெல்லாம் போயி எல்லாரையும் கேள்வி கேட்டால்ல? இன்னிக்கி நான் கேக்கறேன். இர்வான், கேமராவ இவ பக்கம் வை."

"அம்மா, வேணாம்மா…"

யார் கேட்டார்கள்? இரண்டு பேர் அவளைக் கொழுந்து மூட்டை மேல் உட்கார வைத்தார்கள். அன்பரசி சேறு படிந்த கையோடு தன் கொண்டைச் செவ்வந்தியைப் பிடுங்கி அவள் காதோரம் செருகினாள். இர்வான் குறும்பாகச் சிரித்தபடி கேமராவைத் தாழ்த்தினான். சிவப்பு விளக்கு எரிந்தது.

ருக்குமணி கேமராவுக்குப் பின்னால் நின்று தொண்டையைச் செருமினாள். டிவி என்பதால் மரியாதையும் தானாக வந்துவிட்டது.

"உங்க பேரு என்னங்க?"

"விக்னேஸ்வரி."

"என்ன வேல பாக்குறீங்க?"

"ஆவணப்படம் எடுக்கறேன்."

"அதுல என்ன சொகம்?"

விக்னேஸ்வரி யோசித்தாள். "யார் வீட்டுக்குப் போனாலும், கொஞ்ச நேரத்துல நம்ம வீடு மாதிரி ஆயிடும். அந்தச் சொகம்."

பெண்கள் தலையாட்டினார்கள். ருக்குமணிக்கும் அந்தப் பதில் பிடித்திருந்தது. கொஞ்சம் தயங்கினாள். பிறகு குரலைத் தாழ்த்தினாள். இது அவள் பல வருடமாகத் தொலைபேசியில் கேட்க நினைத்து, கேட்காமலே வைத்துவிட்ட கேள்வி.

"கோலாலம்பூர்ல தனியா இருக்கீங்களே… ராத்திரி சோறு யாரு கூட உக்காந்து சாப்புடுறீங்க?"

யாரும் சிரிக்கவில்லை. மழை விட்டிருந்தது. கூரை விளிம்பிலிருந்து நீர் சொட்டியது.

கேள்வியைப் போட்டுவிட்டுப் பேசாமல் இருந்தால், எதிரே இருப்பவர் உண்மையைச் சொல்லிவிடுவார். பதினைந்து வருடத் தொழிலில் விக்னேஸ்வரி தெரிந்துகொண்ட வித்தை அது. அந்த அமைதிக்குள் தானே உட்கார்ந்தால் எப்படி இருக்கும் என்று இன்றுதான் அவளுக்குத் தெரிந்தது. விளக்கு சிவப்பாக அவளையே பார்த்துக்கொண்டிருந்தது.

முகத்தில் மெல்ல ஒரு வெட்கம் ஏறியது. முப்பத்தொன்பது வயதில், காதோரம் செவ்வந்தியோடு, அவள் கீழே பார்த்துச் சிரித்தாள்.

"நான் தனியா சாப்புடறதில்லம்மா."

"என்னது?"

"ஒருத்தர் இருக்காரு. ரெண்டு வருசமா. சொல்லணும் சொல்லணும்னுதான் இருந்தேன்."

நாகப்பன் பிளாஸ்க்கை அப்படியே கீழே வைத்தார். அன்பரசி வாயைப் பொத்திக்கொண்டாள். மரியாதையெல்லாம் பறந்துபோக, ருக்குமணி கேமராவுக்குப் பின்னாலிருந்து பட்டு சரசரக்க எட்டிப் பார்த்தாள்.

"யாருடி அது?"

கோபமா, அழுகையா, ஆனந்தமா என்று சொல்ல முடியாதபடி அந்த முகத்தில் எல்லாம் ஒரே நேரத்தில் ஓடியது. அதை விட்டுவிட இர்வான் என்ன முட்டாளா? யாரும் சொல்லாமலே, கேமராவை மெதுவாக ருக்குமணி பக்கம் திருப்பினான்.